ரீல்ஸ் இருக்கு, மேடை எங்கே? இன்னொரு மனோரமா ஏன் வரவில்லை?

காஞ்சிபுரம் காந்தி ரோட்டுக்குப் பட்டு எடுக்கப் போயிருக்கிறீர்களா? கடைக்குக் கடை பேனர், பேனருக்கு ஒரு நடிகை. முகூர்த்தப் பட்டு, பெரிய பார்டர், நெற்றிச்சுட்டி, ஒட்டியாணம் என்று ஜொலிப்பார்கள். அதே காஞ்சிபுரத்தைச் சுற்றியிருக்கும் கிராமங்களில், பாரதத் திருவிழா நடக்கும் மாதங்களில் வேறொரு காட்சி. திரௌபதியம்மன் கோயில் திடலில் ராத்திரி பத்து மணிக்கு மேல் கூத்து ஆரம்பிக்கும். விடியும் வரை திரௌபதி பாடுவாள், அழுவாள், கூந்தலை விரித்துச் சபதம் போடுவாள். அந்த வேஷத்துக்குள் இருப்பவர் பெரும்பாலும் ஓர் ஆண்.

பேனரில் சிரிக்கும் நடிகைக்கும் திடலில் இருக்கும் மேடைக்கும் இன்று எந்தச் சம்பந்தமும் இல்லை. ஆனால் ஒரு காலத்தில் தமிழ் சினிமாவுக்கு நடிகைகள் மேடை வழியாகத்தான் வந்தார்கள். அப்படி வந்தவர்களில் உங்களுக்கு நன்றாகத் தெரிந்த முகம் மனோரமா. பழைய படம் பார்க்காதவர்களுக்குக்கூட மீம் டெம்ப்ளேட்டாகவாவது ஆச்சியைத் தெரிந்திருக்கும்.

2015 அக்டோபர் 10-ம் தேதி, 78 வயதில் அவர் மறைந்தார். பத்து வருஷம் ஓடிவிட்டது. அவருடைய ஒரு காமெடி கிளிப் எங்காவது வைரலானால், கீழே கமென்ட்டில் 'இந்த மாதிரி இன்னொருத்தர் வரவே மாட்டாங்க' என்று யாராவது எழுதாமல் இருக்கமாட்டார்கள். பாராட்டுக்காக எழுதுவதுதான். ஆனால் ஒரு நிமிஷம் அதை நிஜமான கேள்வியாக எடுத்துக்கொள்வோம். ஏன் வரவில்லை? திறமையான பொண்ணுங்களுக்கு இங்கே பஞ்சமா? இல்லவே இல்லை. ஆச்சி நடந்து வந்த ரோடுதான் இப்போது இல்லை. அந்த ரோடு எப்படி இருந்தது, எங்கே மூடியது, காஞ்சிபுரத்தில் அதன் ஒரு துண்டு மட்டும் எப்படி மிச்சமிருக்கிறது என்று பார்க்கலாம்.

கோபிசாந்தா என்ற சிறுமி

மனோரமாவின் நிஜப் பெயர் கோபிசாந்தா. 1937 மே 26-ம் தேதி மன்னார்குடியில் பிறந்தவர். அப்பா குடும்பத்தைக் கைவிட, அம்மா ராமாமிர்தம் குழந்தையோடு காரைக்குடி பக்கம் பள்ளத்தூருக்கு வந்தார். அங்கே வீட்டு வேலை செய்து மகளை வளர்த்தார். கோபிசாந்தாவின் படிப்பு ஆறாம் வகுப்போடு நின்றது. செட்டிநாட்டில் பெண்களை மரியாதையாக அழைக்கும் 'ஆச்சி' என்ற சொல் பின்னாளில் அவருடைய இரண்டாவது பெயராக ஆனதற்கு இந்தப் பள்ளத்தூர்தான் காரணம்.

நன்றாகப் பாடுவார். அதுதான் கையில் இருந்த ஒரே சொத்து. 12 வயதில், ஊருக்கு வந்த நாடகக்காரர்களுக்கு ஒரு பாடகி தேவைப்பட்டபோது மேடைப் பக்கம் போனார். பாட வந்த சிறுமி நடிக்கவும் ஆரம்பித்தார். 'மனோரமா' என்ற பெயரும் நாடகக்காரர்கள் வைத்ததே. அதன்பின் சிறு சிறு குழுக்கள், புதுக்கோட்டைப் பக்கத்து நாடக சபா, பிறகு எஸ்.எஸ்.ராஜேந்திரனின் நாடக மன்றம் என்று ஒவ்வொரு படியாக ஏறினார்.

இதில் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று இருக்கிறது. இந்தப் பொண்ணுக்குச் சொந்தக்காரர் யாரும் சினிமாவில் இல்லை. கையில் பணம் இல்லை. அன்றைய சினிமா கதாநாயகிக்கு எதிர்பார்த்த தோற்றமும் தன்னிடம் இல்லை என்று பேசப்பட்டவர். இருந்தும் அவரை உள்ளே சேர்த்துக்கொள்ள ஓர் இடம் இருந்தது. குரல் இருக்கிறதா, வசனம் மனப்பாடம் ஆகுமா, கூட்டத்தைப் பார்த்தால் பயப்படாமல் நிற்பாயா? இந்த மூன்று கேள்விகளோடு நாடகக் கம்பெனியின் நுழைவுத் தேர்வு முடிந்துவிடும்.

மேடை சொல்லிக்கொடுத்த பாடம்

இன்று ஒரு ரீல் எடுக்கிறோம். சரியில்லை என்றால் டெலீட், மறுபடி எடுக்கிறோம். இருபதாவது டேக் நன்றாக வந்தால் அதைத்தான் உலகம் பார்க்கும். மேடையில் டெலீட் பட்டன் கிடையாது. எதிரே இருக்கும் ஆள் வசனத்தை மறந்தால் நீங்கள் ஏதாவது சொல்லிச் சமாளிக்க வேண்டும். கூட்டம் சிரித்தால் அந்தச் சிரிப்பு அடங்கும் வரை நிறுத்தி, சரியான நொடியில் அடுத்த வரியைப் போட வேண்டும். சிரிக்கவில்லை என்றால் மறுநாள் வேறு மாதிரி சொல்லிப் பார்க்க வேண்டும். காமெடிக்கு 'டைமிங்' என்று சொல்கிறோமே, அது இப்படி நூற்றுக்கணக்கான ராத்திரிகளில் சேர்வது.

நாடகக்குழு ஊர் ஊராகப் போகும். போகிற ஊரின் பேச்சு காதில் விழும். மனோரமாவின் பெரிய பலம் அங்கே உருவானது. செட்டிநாட்டுப் பேச்சு, கொங்குப் பேச்சு, பிராமண வீட்டுப் பேச்சு, மெட்ராஸ் பாஷை என்று எதைக் கொடுத்தாலும் அந்த ஊர்க்காரி போலவே பேசுவார். 'பொம்மலாட்டம்' (1968) படத்தில் மெட்ராஸ் பாஷையில் அவர் பாடிய பாட்டு இன்றும் ஓடிக்கொண்டிருக்கிறது. பாடியவர் மன்னார்குடியில் பிறந்து பள்ளத்தூரில் வளர்ந்தவர் என்று சொன்னால் நம்புவீர்களா?

சொந்தக் குரலில் பாடுவது, மைக் இல்லாவிட்டாலும் கடைசி வரிசைக்குக் கேட்கப் பேசுவது, ஒரே நாடகத்தில் இரண்டு மூன்று வேஷம் போடுவது எல்லாம் அன்றைய நாடக நடிகைகளுக்கு அன்றாட வேலை. முதல் தமிழ் பேசும் படமான 'காளிதாஸ்' (1931) நாயகி டி.பி.ராஜலட்சுமியும் மேடையிலிருந்து வந்தவர்தான். அவரே 1936-ல் 'மிஸ் கமலா' படத்தை இயக்கினார். 'நந்தனார்' படத்துக்கு அந்தக் காலத்திலேயே ஒரு லட்சம் ரூபாய் சம்பளம் வாங்கிய கே.பி.சுந்தராம்பாளும் மேடை தந்தவர். மனோரமா அந்த வரிசையின் கடைசிக் கட்டத்தில் வந்தவர்.

காஞ்சியிலிருந்து வந்த நாடகக்காரர்

மனோரமாவைப் பற்றிப் பேசினால் எல்லோரும் சொல்லும் ஒரு தகவல் உண்டு: ஐந்து முதலமைச்சர்களோடு நடித்தவர். அண்ணா, கலைஞர், எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, ஆந்திராவின் என்.டி.ஆர். இதை வெறும் க்விஸ் கேள்வியாகவே கடந்துவிடுகிறோம். இதற்குள் ஒரு வரலாறு இருக்கிறது.

அண்ணா காஞ்சிபுரத்துக்காரர். 1909-ல் அங்கே பிறந்தார். 1942-ல் 'திராவிட நாடு' இதழை அங்கிருந்தே தொடங்கினார். கட்டுரை படித்தவர்களைத்தான் எட்டும், எழுதப் படிக்கத் தெரியாதவரையும் எட்ட நாடகம் வேண்டும் என்பதை நன்றாகப் புரிந்துவைத்திருந்தவர். 'சந்திரோதயம்', 'வேலைக்காரி', 'ஓர் இரவு' என்று எழுதியதோடு நிற்காமல் தானே வேஷமும் கட்டினார். சிவாஜியைப் பற்றிய அவருடைய நாடகத்தில் நடித்துத்தான் வி.சி.கணேசன் 'சிவாஜி' கணேசன் ஆனார். அதே நாடகத்தில் காகபட்டராக நடித்தவர் அண்ணா. கலைஞரும் அப்படித்தான். 'உதயசூரியன்' நாடகத்தில் அவரோடு நடித்தவர் மனோரமா. எஸ்.எஸ்.ஆர். குழு நடத்திய கலைஞரின் 'மணிமகுடம்' நாடகத்திலும் அவருக்கு முக்கிய வேஷம்.

அதாவது 1950-களின் தமிழ் மேடை வெறும் பொழுதுபோக்கு இடம் மட்டும் இல்லை. கட்சிகள் வளர்ந்த இடம், தலைவர்கள் உருவான இடம். மேடையில் எதிரே நின்று வசனம் பேசிய ஆண்கள் அங்கிருந்து சட்டசபைக்குப் போனார்கள். அதே வசனத்துக்குப் பதில் வசனம் பேசிய பெண்களில் அப்படிப் போனவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். மேலவை உறுப்பினரான கே.பி.சுந்தராம்பாள் ஒரு விதிவிலக்கு. மேடை எல்லோருக்கும் ஒரே மாதிரி பேசக் கற்றுக்கொடுத்தது. ஆனால் அந்தப் பேச்சுக்குக் கிடைத்த பலன் ஆணுக்கு ஒன்று, பெண்ணுக்கு வேறு.

கண்ணதாசன் போட்ட கணக்கு

மனோரமாவின் முதல் படம் 'மாலையிட்ட மங்கை' (1958). தயாரித்தவர் கண்ணதாசன். கொடுத்த வேஷம் காமெடி. மனோரமாவுக்கு அப்போது தயக்கம். கதாநாயகி என்றால் சில வருஷத்தோடு முடிந்துவிடும், நகைச்சுவை என்றால் காலம் முழுக்க நிற்கலாம் என்று கண்ணதாசன் சொன்னதாக மனோரமாவே பேட்டிகளில் நினைவுகூர்ந்திருக்கிறார்.

கணக்கு சரியாக வந்தது. 1963-ல் 'கொஞ்சும் குமரி' படத்தில் கதாநாயகியாகவும் நடித்துப் பார்த்தார். ஆனால் அவரை நிறுத்தியது காமெடிதான். நாகேஷோடு, சோவோடு, தேங்காய் சீனிவாசனோடு என்று ஜோடி மாறிக்கொண்டே இருந்தது. கதாநாயகிகள் வந்தார்கள், கல்யாணமாகிப் போனார்கள், புது நாயகிகள் வந்தார்கள். மனோரமா அங்கேயே இருந்தார். 'காசேதான் கடவுளடா' (1972), 'சம்சாரம் அது மின்சாரம்' (1986), 'நடிகன்' (1990), 'சின்னக் கவுண்டர்' (1992), 'இந்தியன்' (1996) என்று பட்டியலைப் பாருங்கள். முப்பது வருஷத்தில் தமிழ் சினிமாவே மூன்று முறை மாறியிருக்கிறது. இந்த ஆள் மட்டும் மாறவில்லை. ஆயிரம் படங்களைத் தாண்டியதற்காகக் கின்னஸ் புத்தகத்தில் பெயர் ஏறியது. 'புதிய பாதை' (1989) படத்துக்குச் சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருது. 2002-ல் பத்மஸ்ரீ.

இவற்றில் ஒரே ஒரு படம் பார்க்கச் சொன்னால் 'தில்லானா மோகனாம்பாள்' (1968) பாருங்கள். அதில் அவர் ஜில் ஜில் ரமாமணி. யார் இந்த ரமாமணி? ஒரு நாடகக் கம்பெனி நடிகை! ஊர் உலகம் கொஞ்சம் இளக்காரமாகப் பார்க்கும் ஒரு தொழிலில் இருப்பவள். தளுக்கும் உண்டு, மனசும் உண்டு. சிவாஜியும் பத்மினியும் உச்சத்தில் இருந்த படத்தில், கொஞ்ச நேரமே வரும் ரமாமணி அரை நூற்றாண்டு தாண்டி நினைவில் நிற்கிறாள். அவளை மனோரமா எங்கேயும் தேடிப் போய்க் கற்றுக்கொள்ள வேண்டியிருக்கவில்லை. அவளோடுதான் வாழ்ந்திருந்தார்.

மேடை ஒன்றும் சொர்க்கம் இல்லை

இதையெல்லாம் படித்துவிட்டு 'அந்தக் காலம் பொற்காலம்' என்று முடிவுக்கு வந்துவிடாதீர்கள். நாடக நடிகை என்றால் வாடகைக்கு வீடு கிடைக்காது, கல்யாணப் பேச்சு நின்றுவிடும் என்ற நிலைமை நீண்ட காலம் இருந்தது. மனோரமா நாடகக் குழுவில் இருந்த ஒருவரைக் காதலித்து மணந்தார். குழந்தை பிறந்த கொஞ்ச நாளிலேயே கணவர் பிரிந்துபோனார். கைக்குழந்தையோடும் அம்மாவோடும் தனியாக நின்றபோது அவருக்கு இருபது வயதுகூட ஆகவில்லை. ஆயிரம் படங்கள் என்ற சாதனையைக் கைதட்டிக் கொண்டாடுகிறோம். ஒரு குடும்பத்தைத் தனியாகத் தூக்கிச் சுமந்த பெண்ணுக்கு 'இந்தப் படம் வேண்டாம்' என்று சொல்லும் வசதி எப்போது இருந்திருக்கும் என்றும் யோசிக்கலாம்.

மதுரை, புதுக்கோட்டைப் பக்கம் இன்றும் கோயில் திருவிழாக்களில் 'ஸ்பெஷல் நாடகம்' நடக்கிறது. வள்ளி திருமணம் போட்டால் இன்றும் கூட்டம் கூடும். அங்கே நடிக்கும் பெண்கள் இதே அவப்பெயரோடு எப்படிப் போராடுகிறார்கள் என்பதைப் பற்றி அமெரிக்க மானுடவியலாளர் சூசன் சைசர் ஒரு முழுப் புத்தகமே எழுதியிருக்கிறார். ராத்திரி வேலை, அந்நிய ஊர், பல ஆண்கள் நடுவே மேடை, இதனால் வரும் பேச்சு. அந்தப் பேச்சிலிருந்து தப்பிக்க அந்தப் பெண்கள் பயணம் செய்யும் விதத்தில்கூட எத்தனையோ ஜாக்கிரதை காட்ட வேண்டியிருக்கிறது.

சினிமா இதைத் தீர்த்துவிட்டதா? 2024 ஆகஸ்டில் வெளியான கேரளத்தின் ஹேமா கமிட்டி அறிக்கை அதற்குப் பதில் சொல்லிவிட்டது. கேரவன், கார்ப்பரேட் கம்பெனி, கோடிகளில் பட்ஜெட் எல்லாம் வந்த பிறகும், கழிவறை முதல் பாலியல் தொல்லை வரை பெண்கள் அடுக்கிய புகார்கள் பழைய நாடகக் காலத்தை ஞாபகப்படுத்தின. அதற்குப் பிறகு தமிழ் நடிகர் சங்கமும், குற்றம் நிரூபணமானால் ஐந்து ஆண்டு தடை என்று தீர்மானம் போட்டது. ஆக, பழைய ரோடு திரும்ப வேண்டும் என்று கேட்கும்போது, அந்த ரோட்டில் அன்று இருந்த இருட்டையும் சேர்த்துக் கேட்கவில்லை.

ரோடு எங்கே மூடியது?

கதை எளிது. பேசும் படம் வந்தது, ஊருக்கு ஊர் டென்ட் கொட்டகை வந்தது, கம்பெனி நாடகங்கள் ஒவ்வொன்றாகக் கலைந்தன. நாடகக்காரர்களைச் சினிமா முதலில் வாரி எடுத்துக்கொண்டது. பிறகு நாடகமே தேவையில்லாமல் போனது. சென்னையில் சபா நாடகங்கள் தொடர்ந்தன. கே.பாலசந்தர், சோ போன்றவர்கள் அங்கிருந்து வந்தவர்கள்தான். ஆனால் சபா நாடகத்தில் நடித்தவர்கள் பெரும்பாலும் பகலில் ஆபீஸ் போய்விட்டு மாலையில் மேக்கப் போட்டவர்கள். பள்ளத்தூரில் வீட்டு வேலை செய்யும் அம்மாவின் மகளுக்கு அந்தச் சபாவின் கதவு எங்கே இருக்கிறது என்றே தெரிந்திருக்காது.

ந.முத்துசாமி தொடங்கிய கூத்துப்பட்டறை இன்னொரு கதவு. பசுபதி, கலைராணி போன்றவர்கள் அங்கே வருஷக்கணக்கில் பயிற்சி எடுத்தவர்கள். டிவி காமெடி ஷோக்கள் மூன்றாவது கதவு. அறந்தாங்கி நிஷா அப்படித்தான் வந்தார். ஆடியன்ஸ் முன்னால் நின்று சிரிக்கவைக்கும் அந்தத் தெம்பில் பழைய மேடையின் வாசனை இருக்கும். நான்காவது கதவு உங்கள் கையிலேயே இருக்கும் போன்.

அப்படியென்றால் ரோடு மூடவில்லையே என்று கேட்கலாம். வித்தியாசம் இதுதான். நாடகக் கம்பெனி 12 வயதில் சேர்த்துக்கொண்டு, பத்து வருஷம் சோறு போட்டு, தப்பு செய்ய விட்டு, திருத்தி, ஒரு நடிகையை உருவாக்கியது. ரீல் உங்களைக் காட்டும், உருவாக்காது. ஒரு வீடியோ ஓடினால் அதே மாதிரி இன்னொன்று போடச் சொல்லும். கொங்குப் பேச்சில் வைரலானவர் கடைசி வரை கொங்குப் பேச்சே பேச வேண்டியதுதான். ஆறு ஊர்ப் பேச்சுகளைக் கற்றுக்கொள்ள யாருக்கு நேரம்?

எழுத்திலும் இடம் சுருங்கிவிட்டது. ஹீரோவுக்கு நண்பர்கள் மூன்று பேர் இருப்பார்கள், மூன்றும் ஆண்கள். வேலைக்காரி, பக்கத்து வீட்டு அக்கா, ஊர் வம்பு பேசும் அத்தை எல்லாம் திரைக்கதையிலிருந்து காணாமல் போய்விட்டார்கள். கோவை சரளா, ஊர்வசி என்று சில பேரைச் சொன்னதும் பட்டியல் மூச்சு வாங்குகிறது. வேஷமும் இல்லை, பயிற்சிக்கு இடமும் இல்லை என்றால் ஆச்சி எங்கிருந்து வருவார்?

ரஷ்யாவுக்கு ஒரு ஆச்சி

இது தமிழ்நாட்டுக்கு மட்டும் வந்த பிரச்னையா? ரஷ்யாவில் ஃபைனா ரனேவ்ஸ்கயா என்று ஒரு நடிகை இருந்தார். 1896-ல் தாகன்ரோக் நகரில் பிறந்தவர். நிஜக் குடும்பப் பெயர் ஃபெல்ட்மன். 'ரனேவ்ஸ்கயா' என்பது செகாவின் 'செர்ரிப் பழத்தோட்டம்' நாடகத்தில் வரும் பாத்திரத்தின் பெயர். நம் கோபிசாந்தா போலவே இவருக்கும் மேடையே பெயர் கொடுத்தது. அழகான கதாநாயகி வேஷம் அவருக்குக் கிடைக்கவில்லை. கிடைத்தவை சின்னச் சின்ன வேஷங்கள், அதிலும் நிறைய காமெடி. 1947-ல் வந்த 'சிண்ட்ரெல்லா' படத்தில் அவர் செய்த மாற்றாந்தாய் வேஷத்தை ரஷ்யக் குடும்பங்கள் இன்றும் டிவியில் பார்த்துச் சிரிக்கின்றன. 1939-ல் நடித்த ஒரு படத்தின் வசனத்தைச் சொல்லித் தெருவில் குழந்தைகள் அவரைச் சீண்டுவார்களாம்.

ஆச்சியோடு இவ்வளவு ஒத்துப்போகும் இவருக்கு ஒரு விஷயம் மட்டும் வேறு. ரனேவ்ஸ்கயாவுக்குக் கடைசி வரை ஒரு மேடை இருந்தது. ரஷ்யாவில் அரசு நாடக அரங்குகளுக்கென்று நிரந்தரக் குழு உண்டு. நடிகர்களுக்கு மாதச் சம்பளம். பல நாடகங்களை மாற்றி மாற்றிப் போட்டுக்கொண்டே இருப்பார்கள். சினிமாவில் நடிப்பார்கள், மறுபடி அரங்குக்குத் திரும்புவார்கள். மாஸ்கோவின் மொஸ்ஸோவியத் அரங்கில் ரனேவ்ஸ்கயா எண்பது வயதைத் தாண்டியும் நடித்தார். 1984-ல் மறைந்தார். அரசு சம்பளம் கொடுத்தால் அரசு சொல்வதைத்தான் நடிக்க வேண்டும் என்ற கெடுபிடியும் அங்கே இருந்தது, மறுக்கவில்லை. ஆனாலும் படம் இல்லாத வருஷத்தில் ஒரு நடிகை வீட்டில் உட்கார வேண்டியதில்லை. வயதானால் அம்மா வேஷத்துக்காகப் போனைப் பார்த்துக்கொண்டு காத்திருக்க வேண்டியதில்லை.

மனோரமாவை உருவாக்கிய கம்பெனி நாடகமோ, அவர் உச்சத்தில் இருந்தபோதே ஏறக்குறைய இல்லாமல் போய்விட்டது. திரும்பிப் போக அவருக்கு வீடு இல்லை. சினிமா கொடுத்தால் உண்டு.

புஞ்சரசந்தாங்கலில் மிச்சமிருக்கும் துண்டு

இப்போது காஞ்சிபுரத்துக்குத் திரும்புவோம். ஊருக்கு வெளியே புஞ்சரசந்தாங்கல் என்ற கிராமம் இருக்கிறது. கூத்துக் கலைஞர் பெ.ராஜகோபாலும் நெதர்லாந்திலிருந்து ஆய்வுக்காக வந்த ஹன்னே டி புரூயினும் கட்டைக்கூத்துச் சங்கத்தை நடத்திவரும் இடம் அது. சங்கம் 1990-ல் தொடங்கியது. மரக்கட்டையில் செய்த கிரீடம், புஜக்கட்டை, மார்பதக்கம் அணிந்து ஆடுவதால் கட்டைக்கூத்து என்று பெயர்.

2002-ல் அங்கே ஒரு குருகுலம் ஆரம்பித்தார்கள். பள்ளிப் படிப்பும் கூத்துப் பயிற்சியும் ஒரே இடத்தில். அதில் செய்த பெரிய காரியம், பையன்களோடு பொண்ணுங்களையும் சேர்த்தது. காலங்காலமாக ஆண்களே ஆடிய கலை அது. திரௌபதிக்கே ஆண்தான் என்னும்போது கர்ணனாகவோ துரியோதனனாகவோ ஒரு பெண் வருவதை யார் யோசித்திருப்பார்கள்? கூட்டத்தைச் சிரிக்கவைக்கும் கட்டியங்காரன் வேஷம் என்றால் கேட்கவே வேண்டாம். குருகுலத்தில் படித்த பெண்கள் இந்த வேஷங்களைக் கட்டினார்கள். பெண்கள் மட்டுமே ஆடும் குழுவாகவும் மேடை ஏறினார்கள். முகவீணையும் ஆர்மோனியமும் ஒலிக்க, எடையுள்ள கட்டை கட்டி, விடியும் வரை குரல் கம்மாமல் பாடி ஆடுவது சாதாரண உழைப்பு இல்லை. பள்ளத்தூர்ச் சிறுமிக்கு நாடகக் கம்பெனி கொடுத்த அதே பயிற்சி, இன்னும் கடினமான வடிவத்தில்.

ஆனால் இரண்டு இடத்தில் இந்த ரோடு அறுந்து கிடக்கிறது. முதலாவது கல்யாணம். ராத்திரி முழுக்க ஆடிவிட்டு விடிந்து வீடு திரும்பும் மருமகளை ஏற்கும் வீடுகள் குறைவு. பத்து வருஷப் பயிற்சி ஒரு நிச்சயதார்த்தத்தோடு முடிந்துபோகலாம். இரண்டாவது, இந்த மேடையைப் பார்க்கச் சினிமாக்காரர்கள் வருவதில்லை. சென்னைக்கும் காஞ்சிபுரத்துக்கும் நடுவே 75 கிலோமீட்டர்தான். பட்டு எடுக்க வரும் கார்கள் வரிசையாக நிற்கின்றன. நடிகை தேட வரும் கார் ஒன்றையும் காணோம். நடிகை தேடுபவர்கள் இன்ஸ்டாகிராம் ஃபாலோயர்ஸ் எண்ணிக்கையை முதலில் பார்க்கிறார்கள். ராத்திரி இரண்டு மணிக்குத் தூக்கத்தில் சாயும் கூட்டத்தை எழுப்பி உட்காரவைக்கும் ஒரு பெண்ணின் திறமைக்கு எந்த ஆப்பிலும் எண்ணிக்கை கிடையாது.

சரி, என்னதான் செய்வது?

பெரிய திட்டம் எதுவும் தேவையில்லை. இருக்கிற சில துண்டுகளை இணைத்தாலே போதும்.

முதலில் பள்ளிக்கூடம். 2022 முதல் அரசுப் பள்ளிகளில் கலைத் திருவிழா நடக்கிறது. நாடகமும் உண்டு, கூத்தும் உண்டு. அதில் அசத்தும் ஒன்பதாம் வகுப்பு மாணவிக்கு இன்று கிடைப்பது ஒரு சான்றிதழும் ஒரு கேடயமும். அவளைப் பக்கத்தில் இருக்கும் கூத்துக் குழுவோடோ நாடகக் குழுவோடோ இணைத்து, படிப்பு கெடாமல் தொடர்ந்து பயிற்சி கொடுக்க முடியும். காஞ்சிபுரம் மாதிரி ஊரில் ஆசிரியர்களைத் தேடி அலைய வேண்டியதே இல்லை.

அடுத்து, பாதுகாப்பு. பணியிடப் பாலியல் தொல்லைத் தடுப்புச் சட்டம் 2013-லேயே வந்துவிட்டது. பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்தால் உள்புகார்க் குழு வேண்டும், அதற்குக் குறைவு என்றால் மாவட்ட அளவில் இருக்கும் குழுவிடம் புகார் கொடுக்கலாம். ஒரு கூத்துக் குழுவில் பத்துப் பதினைந்து பேர் இருப்பார்கள். கோயில் திடலும் வேலை செய்யும் இடம்தான் என்பதை நாம் இன்னும் ஒப்புக்கொள்ளவே இல்லை. பெண்கள் ஆடும் ஊரில் உடை மாற்ற ஒரு அறை, ஒரு கழிவறை, விடிந்ததும் வீடு போய்ச் சேர ஒரு வேன். திருவிழா பட்ஜெட்டில் சீரியல் லைட்டுக்குச் செலவழிப்பதில் ஒரு பங்கு போதும்.

மூன்றாவது, எழுதுபவர்கள். மேடை எத்தனை நடிகைகளைத் தயார் செய்தாலும் வேஷம் எழுதப்படவில்லை என்றால் பிரயோஜனம் இல்லை. கண்ணதாசன் ஒரு அறிமுகமில்லாத நாடக நடிகைக்குக் கொடுத்தது அறிவுரை மட்டும் இல்லை, ஒரு வேஷம்.

நான்காவது ஆள் நீங்கள். பொங்கலுக்கு 'சென்னை சங்கமம்' நடக்கும்போது பார்க்கில் பத்து நிமிஷம் நின்று வீடியோ எடுத்துவிட்டுப் போகிறோமே, அது பாதி. பங்குனிக்கு மேல் காஞ்சிபுரம், செய்யாறு, வந்தவாசிப் பக்கம் பாரதக் கூத்து ஊர் ஊராக நடக்கும். டிக்கெட் இல்லை, புக்கிங் இல்லை. ஒரு போர்வையை எடுத்துக்கொண்டு போய்த் தரையில் உட்காருங்கள். கிரீடம் வைத்த கர்ணன் திரும்பும்போது அது ஒரு பெண் என்று தெரிந்தால், விடியும் வரை இருந்து பார்த்துவிட்டு வாருங்கள். அவர் பெயரைக் கேட்டு, பெயர் போட்டு ஷேர் பண்ணுங்கள். கோபிசாந்தாவை மனோரமா ஆக்கியதில் நாடகக்காரர்களுக்குப் பாதிப் பங்குதான். மிச்சப் பாதி, முகம் தெரியாத ஒரு சிறுமி மேடையில் பாடியபோது எழுந்து போகாமல் உட்கார்ந்து கேட்டவர்களுடையது.